பதினான்காவது சுற்று

2022 நவம்பர் 3, வியாழக்கிழமை. பகல் ஒரு மணி ஆகப் பத்துப் பதினைந்து நிமிடம் இருக்கும். பாரிஸில் நான் பகுதிநேரமாக வேலை பார்த்த புத்தகக் கடையில் வானொலிச் சத்தத்தைக் கூட்டி வைத்துவிட்டு மூன்று பேரும் கல்லாவைச் சுற்றி நின்றோம். சமையல் புத்தகம் ஒன்றை எடுத்துக்கொண்டு பணம் கட்ட வந்த பெரியவரை யாரும் கவனிக்கவில்லை. அவரும் கோபித்துக்கொள்ளவில்லை. தொப்பியைக் கழற்றிக் கல்லாமேல் வைத்துவிட்டு அவரும் காதைக் கொடுத்தார். பிரெஞ்சு நாவல்களுக்கான பெரிய பரிசான கொன்கூரை அறிவிக்கப்போகிறார்கள்.

எங்கள் முதலாளியம்மா, ஜூலியானோ ட எம்போலி எழுதிய ‘கிரெம்ளின் மந்திரவாதி’ நாவலை நம்பியிருந்தார். அறுபது பிரதி வரவழைத்துப் பின்னறையில் அடுக்கி வைக்கும் அளவுக்கு நம்பிக்கை. பிரிஜித் ஜிரோவின் ‘விரைந்து வாழ்’ எங்களிடம் நான்கே நான்கு இருந்தது. வானொலியில் ‘ஜிரோ’ என்று கேட்டதும் முதலாளியம்மா உள்ளங்கையால் கல்லாவை ஒரு தட்டுத் தட்டினார். அப்புறம் கணினிக்கு ஓடி, கிடைத்தவரை போடு என்று விநியோகக்காரருக்கு உத்தரவு அனுப்பினார். அந்த நான்கும் அரைமணி நேரத்தில் போய்விட்டன. முதல் பிரதியை வாங்கியவர் சமையல் புத்தகப் பெரியவர்.

அந்த வருடத்தைப் பற்றி எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு நாட்டின் இலக்கிய ஆண்டை வாசகனாகப் பார்ப்பது ஒன்று. அட்டைப்பெட்டியைப் பிரிக்கிறவனாகப் பார்ப்பது வேறு. பெட்டி பிரிக்கிறவனுக்கு முதுகுவலி உண்டு என்பதைத் தவிரவும் சில வித்தியாசங்கள் இருக்கின்றன.

பிரான்ஸில் இலக்கிய ஆண்டு ஆகஸ்டில் பிறக்கிறது. கோடை விடுமுறை முடிந்து பள்ளிக்கூடம் திறப்பதற்கு இங்கே ‘ரான்த்ரே’ என்று பெயர். நாவல்களுக்கும் அதே சொல்தான். ஆகஸ்ட் நடுவிலிருந்து அக்டோபருக்குள் பதிப்பகங்கள் எல்லாம் போட்டிபோட்டுக்கொண்டு கொட்டுவார்கள். 2022இல் அப்படி வந்தவை 490 நாவல்கள். நவம்பரில் பரிசுகள், டிசம்பரில் கிறிஸ்துமஸ். பரிசு பெற்ற புத்தகத்தை வாங்கி மாமியாருக்குக் கொடுத்துவிட்டால் ஒரு கவலை விட்டது. இந்த ஏற்பாடே அந்தக் கணக்கில்தான் ஓடுகிறது. மிச்சம் உள்ளவை? விற்காத பிரதிகளைத் திருப்பி அனுப்பும் உரிமை கடைக்கு உண்டு. செப்டம்பரில் நான் மேசையில் அடுக்கிய பல நாவல்களைக் குளிர்காலத்தில் நானே மறுபடி பெட்டியில் போட்டு ஒட்டியிருக்கிறேன். பாதியை யாரும் கையில் எடுத்துக்கூடப் பார்க்கவில்லை.

ஒரு சின்னக் கடை இந்த ஓட்டத்தில் தாக்குப்பிடிப்பதற்கு ஒரு சட்டம் காரணம். 1981இல் இயற்றிய அந்தச் சட்டப்படி புத்தகத்துக்கு ஒரே விலை. பதிப்பாளர் அச்சிட்ட விலையில் 5 சதவீதத்துக்கு மேல் யாரும் தள்ளுபடி தரக் கூடாது. சூப்பர் மார்க்கெட்டிலும் அதே விலை, எங்கள் சந்திலும் அதே விலை. அதனால் கொன்கூர் வாங்க ஊரே கிளம்பும்போது எங்கள் கதவையும் தள்ளிக்கொண்டு வருகிறார்கள்.

அந்த ஆகஸ்டில் அதிகம் விற்றது விர்ஜினி தெப்பாந்த்தின் புதிய நாவல். ஒரு நடிகைக்கும், பாலியல் தொந்தரவுப் புகாரில் சிக்கிய ஓர் எழுத்தாளனுக்கும் நடக்கும் கடிதப் போக்குவரத்து. ‘அன்புள்ள’ என்று தொடங்கும் தலைப்பின் இரண்டாம் சொல்லை மொழிபெயர்த்தால் இந்தக் கட்டுரையை என் அம்மாவுக்கு அனுப்ப முடியாது. நல்ல பையன்கள் கூட வெட்கத்தோடு கவுண்டரில் அந்தத் தலைப்பை முணுமுணுத்துக் கேட்பதைப் பார்க்க வேடிக்கையாக இருக்கும்.

அதற்கு முன்பே மே மாதத்தில் ஒரு பேய் எழுந்து வந்திருந்தது. லூயி-ஃபெர்தினான் செலின் 1944இல் பிரான்ஸை விட்டு ஓடியபோது காணாமல்போன கையெழுத்துப் பிரதிகள் 2021இல் வெளிச்சத்துக்கு வந்தன. அதிலிருந்து ‘போர்’ என்ற நாவலை கலிமார் பதிப்பகம் வெளியிட்டது. யூத வெறுப்புத் துண்டுப்பிரசுரங்கள் எழுதிய ஆள் என்பது எல்லோருக்கும் தெரியும். இருந்தும் வரிசையில் நின்று வாங்கினார்கள். இதே செலினின் முதல் நாவலுக்கு 1932இல் கொன்கூர் உறுதி என்று பேச்சு இருந்தது. கடைசியில் ஓட்டு மாறி கீ மசெலின் என்பவருக்குப் போனது. மசெலினை இன்று யாராவது கேட்டு வந்தால் எங்கள் கணினியே ஒரு கணம் யோசிக்கும்.

சரி, அக்டோபர்.

நான் அப்போது செர்ஜியில் குடியிருந்தேன். பாரிஸுக்கு வடமேற்கே, ஆர்.இ.ஆர். என்ற புறநகர் ரயிலின் ‘ஏ’ தடத்தில் கடைசி நிலையங்கள் இருக்கும் ஊர். எழுபதுகளில் வயலை அழித்துக் கட்டிய புதுநகரம். அழகான ஊர் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அங்கேதான் எழுத்தாளர் ஆனி எர்னோவும் பல பத்தாண்டுகளாக இருக்கிறார். நான் அரிசி வாங்கும் ஹைப்பர் மார்க்கெட்டுக்குப் போய்வந்த நாட்களைக் குறிப்பாக எழுதி ஒரு புத்தகமே போட்டிருக்கிறார். என் ரயிலில் ஏறி இறங்கும் மனிதர்களைப் பற்றி இன்னொன்று. அதனால் எனக்கு அவர்மேல் ஒரு வட்டாரப் பாசம் உண்டு. நேரில் பார்த்தது கிடையாது. பார்த்திருந்தாலும் தக்காளி பொறுக்கும் இன்னொரு பாட்டியம்மா என்று தாண்டிப் போயிருப்பேன்.

அக்டோபர் 6ஆம் தேதி ஸ்டாக்ஹோமிலிருந்து அவர் பெயரை அறிவித்தார்கள். அவரைத் தொலைபேசியில் பிடிக்கக்கூட நோபல் குழுவால் முடியவில்லை. 82 வயது. இலக்கியத்துக்கு நோபல் பெறும் முதல் பிரெஞ்சுப் பெண். மறுநாள் காலையில் எங்கள் கடையில் எர்னோ புத்தகம் ஒன்றுகூட இல்லை. இருந்த பதினொன்றும் முதல் நாள் மாலையே போய்விட்டன, அந்த மே மாதம் வந்த, ஐம்பது பக்கம்கூட வராத ‘இளைஞன்’ உட்பட. வந்தவர்களில் பாதிப் பேருக்குப் பெயர் தெரியவில்லை. “அந்த அம்மா புத்தகம், டிவியில் காட்டினார்களே,” என்று ஒருவர் கேட்டார். கட்டட வேலை உடுப்பு, காலில் சிமெண்ட். “எது வேண்டும்?” என்றான் என் சக ஊழியன். அந்த மனிதர் முகம் சிவந்துவிட்டது. எது என்று தெரிந்துகொண்டு வந்திருக்க வேண்டும் என்று அவருக்கு அப்போதுதான் தெரிந்தது.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஏனென்றால் இந்தக் காட்சி எர்னோவின் புத்தகத்தில் அப்படியே இருக்கிறது. 1983இல் வந்த, மறுவருடம் ரெனோதோ பரிசு பெற்ற ‘இடம்’, அவர் அப்பாவைப் பற்றியது. பண்ணையில் கூலியாக இருந்து, தொழிற்சாலைக்குப் போய், பிறகு நார்மண்டியில் இவ்தோ என்ற சிறு ஊரில் மளிகையும் காபிக் கடையும் சேர்த்து நடத்திய மனிதர். மகளுக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை அவளை நூலகத்துக்குக் கூட்டிப் போகிறார். கவுண்டரில் இருப்பவர்கள் என்ன புத்தகம் வேண்டும் என்று கேட்கிறார்கள். முன்கூட்டியே யோசித்து வர வேண்டும், பிஸ்கட் பெயரைச் சொல்வதுபோல் புத்தகத்தின் பெயரைச் சொல்ல வேண்டும் என்பது இரண்டு பேருக்கும் தெரியாது. அவர்களே எதையோ எடுத்துக் கொடுக்கிறார்கள். அப்பாவும் மகளும் அந்த நூலகத்துக்கு மறுபடி போகவே இல்லை. புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தது அம்மாதான்.

நான் பிரெஞ்சு கற்றுக்கொண்ட காலத்தில் முதன்முதலாக முழுக்கப் படித்து முடித்த புத்தகம் அது. மெல்லிசான புத்தகம், சின்ன வாக்கியங்கள். அகராதியை மூடி வைத்துவிட்டுப் படிக்க முடிகிறதே என்ற பெருமையில் ஓடிக்கொண்டிருந்தவன் அந்த நூலகப் பக்கத்தில் நின்றுவிட்டேன். என் அப்பாவும் கடைக்காரர்தான். அவரோடு நான் எங்கெங்கே போகத் தயங்கினேன் என்ற பட்டியலை இங்கே போடப்போவதில்லை.

தமிழில் ஒரு நாவலைப் பார்த்து ‘தட்டையாக இருக்கிறது’ என்றால் எழுதியவர் ஒரு வாரம் தூங்க மாட்டார். எர்னோ தன் நடைக்குத் தானே வைத்துக்கொண்ட பெயர் அதுதான்: தட்டையான எழுத்து. முன்பு பெற்றோருக்கு முக்கியமான சேதி சொல்லக் கடிதம் போடும்போது எப்படி எழுதுவாரோ அதே நடை. பொடி தூவாத எழுத்து. அப்பாவின் வாழ்க்கையை அலங்காரத்தோடு எழுதினால் அது அப்பாவுக்குப் புரியாத மொழியாகிவிடும், படித்தவர்களோடு சேர்ந்து அவரை வேடிக்கை பார்ப்பதாகிவிடும். டிசம்பரில் ஸ்டாக்ஹோம் உரையில், 22 வயதில் நாட்குறிப்பில் எழுதிய ஒரு வரியிலிருந்தே அவர் தொடங்கினார். என் இனத்துக்காகப் பழிவாங்க எழுதுவேன் என்பது அந்த வரி. இனம் என்றால் நிறமோ ரத்தமோ கிடையாது. கூலிக்காரர்கள், ஆலைத் தொழிலாளிகள், சின்னக் கடைக்காரர்கள்.

எல்லோரும் கொண்டாடினார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். நோபல் அறிவித்துப் பத்தே நாளில் விலைவாசி உயர்வை எதிர்த்துப் பாரிஸில் நடந்த ஊர்வலத்தில், இடதுசாரித் தலைவர் மெலான்ஷோனோடு முன்வரிசையில் நடந்தார் எர்னோ. அது போதும் சிலருக்கு. எங்கள் வாடிக்கையாளர் ஒருவர், ஓய்வுபெற்ற வழக்கறிஞர், “சொந்த டைரிக்கு ஒரு கோடி குரோனாவா?” என்று என்னிடமே சண்டை பிடித்தார். நான்தான் கொடுத்தேன் என்பதுபோல.

இதற்கு நடுவே கொன்கூர்க்காரர்கள் தங்கள் கடைசிப் பட்டியலை பெய்ரூட்டில் வெளியிடக் கிளம்பினார்கள். அங்கே ஒரு புத்தகத் திருவிழா. லெபனானின் பண்பாட்டு அமைச்சர், சியோனிச ஆதரவாளர்களை வரவேற்க மாட்டோம் என்ற பொருளில் ஓர் அறிக்கை விட்டார். பத்து நடுவர்களில் நான்கு பேர் பயணத்தை ரத்து செய்தார்கள். போனவர்கள் அக்டோபர் 25 அன்று பட்டியலைப் படித்தார்கள். நான்கு பெயர்: ட எம்போலி, ஜிரோ, குளோயே கொர்மான், ஹைட்டியில் பிறந்த மேக்கன்ஸி ஒர்செல்.

‘கிரெம்ளின் மந்திரவாதி’ ஏற்கெனவே பெரிய வெற்றி. புடினின் ஆலோசகராக இருந்த சுர்கோவை மனதில் வைத்து எழுதிய கதாபாத்திரம் இரவெல்லாம் உட்கார்ந்து ரஷ்ய அதிகாரத்தின் உள்கதையைச் சொல்கிறது. உக்ரைன் போருக்கு முன்பே எழுதி முடித்த நாவல், போர் தொடங்கி இரண்டு மாதம் ஆவதற்குள் கடைக்கு வந்தது. எந்த விளம்பரக் கம்பெனியாலும் வாங்கித் தர முடியாத நேரம். அக்டோபர் கடைசியில் பிரெஞ்சு அகாதெமியின் நாவல் பரிசும் அதற்குக் கிடைத்தது. முதலாளியம்மா அறுபது பிரதி வாங்கியதில் தப்புச் சொல்ல முடியாது. நான் ஒரே மூச்சில் படித்தேன். கெட்டிக்காரப் புத்தகம். நல்ல வார இதழில் நீண்ட கட்டுரை படித்த திருப்தி கிடைத்தது. மூடி வைத்த பிறகு எந்த முகமும் கூட வரவில்லை.

கொன்கூர் நடுவர்கள் 1914 முதல் ட்ரூவான் என்ற உணவகத்தில் கூடிச் சாப்பிட்டுக்கொண்டேதான் முடிவு செய்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் பெயர் பொறித்த முள்கரண்டியும் கத்தியும் உண்டு. பரிசுத் தொகை 10 யூரோ. அச்சுப்பிழை இல்லை, பத்தே யூரோதான். காசோலையாகத் தருவார்கள். பலர் அதை வங்கியில் போடாமல் சட்டம் போட்டு மாட்டிவிடுவதாகச் சொல்வார்கள். காசு விற்பனையில் வருகிறது. கொன்கூர் என்றாலே லட்சக்கணக்கான பிரதி. 2020இல் வென்ற எர்வே ல தெலியேவின் நாவல் பத்து லட்சத்தையும் தாண்டியது.

அன்றைக்கு ட்ரூவானில் ஓட்டு ஐந்துக்கு ஐந்து என்று இழுத்துக்கொண்டே போனது. பதினான்கு சுற்று. பதினான்காவதிலும் சமமாக இருந்தால் தலைவரின் ஓட்டை இரண்டாக எண்ணலாம் என்பது விதி. தலைவர் திதியே தெக்கோவான் ஜிரோ பக்கம் இருந்தார். முடிந்தது கதை. 120 வருடத்தில் கொன்கூர் பெற்ற 13ஆவது பெண் ஜிரோ. (பெண்களைக் கண்டுகொள்ளவில்லை என்ற கோபத்தில் 1904இலேயே பெண்கள் மட்டும் நடுவர்களாக உட்காரும் இன்னொரு பரிசைத் தொடங்கினார்கள். அதுதான் ஃபெமினா. 2022இல் அது கிளோதி ஹுன்சிங்கருக்குப் போனது. நாயும் காடும் முதுமையும் உள்ள அருமையான நாவல், அதற்குத் தனியாக ஒரு கட்டுரை வேண்டும்.)

இப்படி ஒரே ஒரு ஓட்டின் இரட்டிப்பில் வென்ற புத்தகம் எதைப் பற்றியது தெரியுமா? ‘அப்படி நடந்திருந்தால்’ என்பதைப் பற்றியது.

1999 ஜூன் 22. ஜிரோவின் கணவர் குளோத் லியோன் நகரில் மோட்டார் சைக்கிள் விபத்தில் இறந்துபோகிறார். புது வீடு வாங்கிக் குடிபோக இருந்த நேரம். இருபது வருடம் கழித்து, அந்த வீட்டை விற்கும்போது, ஜிரோ உட்கார்ந்து கணக்குப் பார்க்கிறார். ஒவ்வொரு அத்தியாயமும் ஓர் ‘ஆல்’. பழைய வீட்டை விற்க நான் ஆசைப்படாதிருந்தால். என் தாத்தா தற்கொலை செய்துகொள்ளாதிருந்தால். என்னிடம் செல்போன் இருந்திருந்தால். குளோத் ஏ.டி.எம். இயந்திரத்தில் 300 பிராங்கை எடுக்காமல் மறந்து வராதிருந்தால். மழை பெய்திருந்தால். குளோத் அன்று ஓட்டியது தன் வண்டியைக்கூட இல்லை. மைத்துனன் விட்டுப்போன ஹோண்டா 900, பந்தயத்துக்கு நெருக்கமான ரகம். அந்த வண்டியை வடிவமைத்த ஜப்பானியப் பொறியாளர் வரைக்கும் தேடிப் போகிறது புத்தகம்.

பிரெஞ்சில் இந்த ‘ஆல்’ வாக்கியத்தின் தலையில், ‘ஸி’ என்று முதலிலேயே வந்து நின்றுவிடும். நடக்காத ஒன்றைப் பற்றிப் பேசப்போகிறோம் என்று முதல் அசையிலேயே தெரிந்துவிடுகிறது. தமிழில் ‘மழை பெய்தி’ வரைக்கும் மழை பெய்துகொண்டுதான் இருக்கிறது. ‘ருந்தால்’ வந்து விழும்போதுதான் தெரு காய்கிறது. இந்தப் புத்தகத்தைத் தமிழில் கொண்டுவருகிறவர் அத்தியாயத் தலைப்புகளிலேயே தடுக்கி விழுவார் என்று நினைத்தேன். பிறகு தோன்றியது, நமக்கு இந்த வடிவம் அந்நியமே இல்லை. சாவு வீட்டு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பவர்கள் விடிய விடியப் பேசுவது இதைத்தானே. காபி குடிச்சிட்டுப் போன்னு சொன்னேன், குடிச்சிருந்தா அஞ்சு நிமிஷம் லேட்டாயிருக்கும்... ஜிரோ அந்த வாசலில் இருபது வருடம் எழுந்திருக்காமல் உட்கார்ந்திருந்தார், அவ்வளவுதான்.

பெரிய நாவலா என்று கேட்டால், இல்லை என்றுதான் சொல்வேன். ஒருசில அத்தியாயம் இழுக்கிறது. ஆனால் அந்த 300 பிராங்கு எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. இயந்திரத்தின் வாயில் நோட்டு நீட்டிக்கொண்டிருக்க, மனிதன் வேறு நினைப்பில் திரும்பி நடக்கிறான். கிரெம்ளின் சுவர்களுக்குள் நடந்த எதையும் நான் இவ்வளவு தெளிவாகப் பார்க்கவில்லை. அந்த வருடம் பெரிய பரிசு இரண்டையும் வாங்கியவை ஒரு மளிகைக் கடையையும் ஒரு காலி வீட்டையும் பற்றிய சின்னப் புத்தகங்கள். போரும் அரசியலும் தினமும் செய்தியில் ஓடிய வருடத்தில். கவுண்டருக்கு இந்தப் பக்கம் நின்றவனுக்கு அது நியாயமாகவே பட்டது.

வாரக்கடைசியில் பெட்டிகள் வந்தன. கூடவே சிவப்புக் காகிதப் பட்டைகள். பரிசு பெற்ற நாவலின் இடுப்பில் ‘கொன்கூர் பரிசு’ என்று அச்சிட்ட பட்டையைச் சுற்றுவது இங்கே மரபு. பெட்டியில் வந்த பழைய அச்சுப் பிரதிகளுக்கு நானே கையால் மாட்டினேன். மடிப்பு கொஞ்சம் கோணினாலும் வாங்க மாட்டார்கள்.

இந்தப் பட்டைக்கு ஒரு பழைய கதை உண்டு. 1919இல் கொன்கூர் மார்சல் ப்ரூஸ்ட்டுக்குப் போனது, ஆறுக்கு நான்கு ஓட்டு. தோற்றவர் ரோலான் தோர்ஜலெஸ், போர்முனையிலிருந்து வந்து போர் நாவல் எழுதியவர். பத்திரிகைகளுக்குக் கோபம். தோர்ஜலெஸின் பதிப்பாளர் ஒரு வேலை செய்தார். பட்டையில் ‘கொன்கூர் பரிசு’ என்று கொட்டை எழுத்தில் போட்டு, கீழே பொடி எழுத்தில் ‘பத்தில் 4 ஓட்டு’ என்று அச்சிட்டார். ப்ரூஸ்ட்டின் பதிப்பாளர் நீதிமன்றம் போய் அதை நிறுத்தினார். 2022 நவம்பர் 18, ப்ரூஸ்ட் இறந்து நூறாண்டு முடிந்த நாள். முதலாளியம்மா ஜன்னலில் ப்ரூஸ்ட்டின் எல்லாத் தொகுதிகளையும் அடுக்கினார். ஓரத்தில் அந்த அறுபது ‘கிரெம்ளின் மந்திரவாதி’யில் கொஞ்சத்தையும். ‘பத்தில் 5 ஓட்டு’ என்று பட்டை போட்டுவிடலாமா என்றேன். சிரித்தார், ஆனால் ஒரு நொடி யோசித்தார் என்றே நினைக்கிறேன். கடைசியில் அவசியம் வரவில்லை. கிறிஸ்துமஸுக்குள் அறுபதும் விற்று, மேலும் வாங்கினோம்.

நவம்பர் கடைசியில் பள்ளி மாணவர்கள் தேர்ந்தெடுக்கும் கொன்கூர் வந்தது. லெபனானிலிருந்து பாரிஸுக்கு வந்த தன் பெற்றோரைப் பற்றி சபில் குசூப் எழுதிய நாவலுக்கு. நடுவர்கள் பெய்ரூட்டுக்குப் போவதா வேண்டாமா என்று குழம்பிய வருடத்தில் பிள்ளைகள் பெய்ரூட்டையே பாரிஸுக்கு அழைத்துக்கொண்டார்கள்.

எங்களுக்குப் பெட்டி கொண்டுவரும் வேன்காரர் புத்தகம் படிக்கிறவர் இல்லை. ‘விரைந்து வாழ்’ முதல் லோடை இறக்கிய அன்று, இத்தனை பெட்டியில் அப்படி என்ன கதை என்று கேட்டார். மோட்டார் சைக்கிள் விபத்து என்றேன். என்ன வண்டி என்றார். ஹோண்டா 900 என்றதும் மெல்ல விசிலடித்தார். தொண்ணூறுகளில் அவரே அதை வைத்திருந்தாராம். இப்போது வேறொரு வண்டி, ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும். ஒரு பிரதி எடுத்துக்கொண்டு, சம்பளம் வந்ததும் தருகிறேன் என்றார், தந்தும்விட்டார்.

ஜனவரியில், விற்காத நாவல்களைத் திருப்பி அனுப்பும் பெட்டிகளை ஏற்ற வந்தபோது படித்தீர்களா என்று கேட்டேன். இருபது பக்கம்தான் ஆகியிருந்ததாம், மனைவி பிடுங்கிக்கொண்டாளாம்.

“அவள் முடிக்கிற வரைக்கும் வண்டிச் சாவியும் அவளிடம்தான்,” என்றார். “தினம் ரெண்டு பக்கம்தான் படிக்கிறாள். வேண்டுமென்றே.”